பஸ்டர் கீட்டன்: உங்களை விடாமல் துரத்துகிற ஒரு காட்சி

குடைராட்டினம்:
போன மாதம் ஊருக்குப் போயிருந்தேன். மதியம் கரண்ட் வந்ததும் டிவியில் போனை இணைத்து, பஸ்டர் கீட்டன் நடித்த 'ஸ்டீம்போட் பில் ஜூனியர்' என்ற மௌனப் படத்தின் கடைசி கால் மணி நேரத்தை மட்டும் ஓடவிட்டேன், அந்தப் புயல் காட்சி, உங்களுக்குத் தெரியும். அம்மா கீழே உட்கார்ந்து முருங்கைக்கீரை உருவிக்கொண்டிருந்தாள். படத்தைப் பார்க்கவே இல்லை, இல்லையென்றால் பார்க்காத மாதிரி இருந்தாள். வீட்டின் முன்சுவர் மொத்தமாகச் சாய்ந்து விழுகிறது, ஆள் அசையாமல் நிற்கிறான், மாடி ஜன்னல் ஓட்டை சரியாக அவன் மேல் இறங்கி அவனை விட்டுவிடுகிறது. நான் வழக்கம்போலச் சிரித்தேன். அம்மா கீரைக்காம்பைக் கையில் பிடித்தபடியே கேட்டாள்: "இவனைப் பெத்தவ இதைப் பார்த்தாளா?"

என்னிடம் பதில் இல்லை. இருபது தடவையாவது பார்த்திருப்பேன், 1928-இல் வந்த படம், சாக்ரமெண்டோ ஆற்றங்கரையில் செட் போட்டு எடுத்தது, சுவர் இரண்டு டன் என்பார்கள், தலைக்கும் தோளுக்கும் சில அங்குலம்தான் இடைவெளி, இதெல்லாம் தெரியும். அம்மா கேட்டது மட்டும் தோன்றியதே இல்லை. அதிலிருந்து அந்தக் காட்சியைப் பார்த்தால் சிரிப்பு வருவதில்லை. உங்களுக்கும் இப்படி ஏதாவது ஒரு காட்சி மாட்டிக்கொண்டிருக்கிறதா?

பழைய ரீல்:
பெற்றவள் மேடையிலேயே நின்று சாக்ஸபோன் வாசித்துக்கொண்டிருந்தாள் அண்ணே. அதுதான் பதில். அப்பா ஜோ, அம்மா மைரா, நடுவில் இவன், 'மூன்று கீட்டன்கள்' என்று வாடவில் எனும் பல்சுவை நிகழ்ச்சி மேடைகளில் ஊர் ஊராகப் போன குடும்பம். நாலைந்து வயதுப் பையனை அப்பா தூக்கி எறிவார், திரைச்சீலைமேல், மேடைக்குக் கீழே, எங்கே வேண்டுமானாலும். தூக்க வசதியாகச் சட்டையின் முதுகில் ஒரு சூட்கேஸ் கைப்பிடியைத் தைத்து வைத்திருந்தார்கள். நியூயார்க்கில் குழந்தைகள் பாதுகாப்புச் சங்கத்தார் வந்து, பையன் உடம்பில் காயம் இருக்கிறதா என்று பார்த்துவிட்டுப் போவார்களாம். விழும்போது தான் சிரித்தால் ஜனங்கள் சிரிப்பதில்லை என்று அந்த வயதிலேயே கண்டுபிடித்துக்கொண்டான். நாம் மேதைமை என்று கொண்டாடுகிற அந்தக் கல்லு முகம் அங்கே செய்தது.

என் கதையைச் சொல்லவில்லையே. எனக்கு ஒரு பையன், ஐந்து வயது. கட்டிலிலிருந்து குதித்து, விழுந்து, எங்களைத் திரும்பிப் பார்ப்பான், நாங்கள் சிரித்தால் மறுபடி குதிப்பான். கைப்பிடி விஷயத்தைப் படித்த நாளிலிருந்து நான் சிரிப்பதை நிறுத்திவிட்டேன். மனைவி என்னைச் சிடுமூஞ்சி என்கிறாள்.

கழுத்துப்பட்டை:
எனக்கு 'ஷெர்லாக் ஜூனியர்' (1924). ரயில் பெட்டிகளின் கூரைமேல் ஓடி, தண்ணீர்த் தொட்டியின் குழாய்க் கயிற்றைப் பிடித்துத் தொங்குவான், தண்ணீர் மொத்தமாகக் கொட்டி ஆளைத் தண்டவாளத்தில் தள்ளும், எழுந்து ஓடிவிடுவான். அந்த விழுகையில் கழுத்தெலும்பு முறிந்தது நிஜம். அவருக்கே தெரியாது. சில நாள் தலைவலி என்று கிடந்துவிட்டு வேலைக்கு வந்துவிட்டார். பல வருஷம் கழித்து எதற்கோ எக்ஸ்ரே எடுத்தபோதுதான் டாக்டர் பார்த்துவிட்டு, கழுத்து எப்போது உடைந்தது என்று கேட்டிருக்கிறார்.

இதைப் படித்தபோது நான் கழுத்துப்பட்டையோடு உட்கார்ந்திருந்தேன். சிரிக்காதீர்கள். காலேஜ் நாளில் பைக்கிலிருந்து விழுந்து, எழுந்து, பேன்ட்டைத் தட்டிவிட்டுப் பரோட்டா சாப்பிடப் போனவன் நான். பன்னிரண்டு வருஷம் கழித்து ஸ்கேன் எடுத்த இடத்தில் இருந்தவர் திரையைக் காட்டி, "இங்கே பழைய அடி ஒண்ணு இருக்கே, எப்போ பட்டது சார்?" என்றார். அன்றைக்கு ராத்திரி அந்தத் தண்ணீர்த் தொட்டிக் காட்சியை ஒவ்வொரு நொடியாக நிறுத்தி நிறுத்திப் பார்த்தேன். கீழே விழுந்ததும் எழுகிறான் பாருங்கள், அந்த எழுகை கொஞ்சம் தள்ளாடும். நடிப்பா வலியா என்று இன்னும் எனக்குத் தெரியவில்லை.

மூன்றாம் பெஞ்சு:
எல்லாரும் "நிஜம் நிஜம்" என்று உருகுவதைப் பார்த்தால் கொஞ்சம் கடுப்பாகத்தான் இருக்கிறது. ஸ்டண்ட் மாஸ்டரைக் கொண்டாடுகிற மாதிரியே பேசுகிறீர்கள், ஆனால் கீட்டன் பெரிய தந்திரக்காரர். 'செவன் சான்சஸ்' (1925) படத்தில் மலையிலிருந்து உருண்டு துரத்துகிற பாறைகள் பாறைகளா? காகிதக்கூழும் பிளாஸ்டரும். அதுவும் முதலில் யோசித்தது இல்லை. முன்னோட்டம் போட்டுக் காட்டியபோது, ஓடும்போது தற்செயலாகக் கால் பட்டு இரண்டு மூன்று கல் அவர் பின்னால் உருண்டதற்கு ஜனம் சிரித்தது, உடனே திரும்பிப் போய் நூற்றுக்கணக்கில் கல் செய்து உருட்டிவிட்டார். 'தி பிளேஹவுஸ்' (1921) படத்தில் ஒரே சட்டகத்துக்குள் ஒன்பது கீட்டன் வருவார்கள். கையால் சுற்றுகிற கேமராவில், லென்ஸை மறைத்து மறைத்து, ஒரே ஃபிலிமைத் திரும்பத் திரும்ப ஓட்டி எடுத்தது. எல்ஜின் லெஸ்லி என்ற ஒளிப்பதிவாளரின் கை ஒரு சுற்று பிசகியிருந்தால் எல்லாம் போச்சு. எனக்கு அந்தக் கைதான் பெரிது. உடைந்த கழுத்து இல்லை.

அனுபவம் வேண்டுமா? நான் எடிட்டிங் வேலை செய்பவன். ஒரு கல்யாண வீடியோவில் மாப்பிள்ளையை மூன்றாக்கிக் காட்டச் சொன்னார்கள். கம்ப்யூட்டரில் எனக்கு ஒரு முழு நாள் ஆனது. தோள் விளிம்பு சேராமல் பிசிறடித்தது. பெண் வீட்டார் கண்டுபிடித்துவிட்டார்கள்.

கழுத்துப்பட்டை:
மூன்றாம் பெஞ்சு சார், கழுத்து உடைந்தது தந்திரமா? நீங்களே சொல்லுங்கள்.

மூன்றாம் பெஞ்சு:
விபத்து. விபத்தைத் திறமை என்று நான் சொல்ல மாட்டேன்.

ஆற்றங்கரை:
சண்டையை விடுங்கள். நான் அமெரிக்காவில் வேலையாக இருந்த காலத்தில் ஆரிகன் மாநிலத்தில் காட்டேஜ் குரோவ் என்ற சின்ன ஊருக்கு வேண்டுமென்றே காரை விட்டுக்கொண்டு போனேன். 'தி ஜெனரல்' (1926) எடுத்த இடம். கதை 1862-இல் ஜார்ஜியாவில் உள்நாட்டுப் போரின்போது நடந்த ரயில் கடத்தல், ஆனால் அந்தக் காலத்து மாதிரி ரயில் பாதை இங்கேதான் கிடைத்தது என்று ஆரிகனுக்கு வந்துவிட்டார்கள். இரண்டு பக்கப் படைகளுக்கும் ஒரே ஆட்கள்தான், உள்ளூர் தேசியக் காவல்படையினர் சுமார் 500 பேர், நீலச் சட்டையைக் கழற்றிச் சாம்பல் சட்டையைப் போட்டுக்கொண்டு எதிர்ப்பக்கம் ஓடுவார்கள். எரிகிற பாலத்தின்மேல் நிஜ ரயில் இன்ஜினை ஓட்டி ஆற்றில் விழவைத்தார்களே, ஒரே டேக், சுமார் 42,000 டாலர், மௌனப் படக் காலத்திலேயே அதிகச் செலவான ஒற்றை ஷாட் என்பார்கள். இன்ஜின் அந்த ஆற்றிலேயே கிடந்தது, இரண்டாம் உலகப் போர்க் காலத்தில்தான் இரும்புக்காக எடுத்துப்போனார்கள்.

நான் போனபோது ஆறு சும்மா ஓடிக்கொண்டிருந்தது. ஆற்றின் பெயரை (Row) 'ரோ' என்று சொல்லி வழி கேட்டேன், ஒரு பெரியவர் 'ரௌ' என்று திருத்தினார். அவ்வளவுதான் என் பயணத்தின் மொத்த உரையாடல். கரையில் நின்று போனில் அந்தக் காட்சியை ஓட்டினேன். பாலம் சரிந்ததும் ஒரு விநாடி, கடக்கச் சொல்லி உத்தரவு போட்ட அதிகாரியின் முகத்தைக் காட்டுவார்கள். வாய் லேசாகத் திறந்திருக்கும். அங்கே நான் சிரித்த சிரிப்பு பாதியில் நின்றது, ஏனென்றால் அந்த அதிகாரி வடக்குப் படை. அதாவது அடிமைமுறைக்கு எதிரே நின்ற பக்கம். நாம் கைதட்டுவது தெற்குப் படைக்குச் சேவை செய்ய ஏங்குகிற டிரைவருக்கு. ஜாதி பற்றி அத்தனை பேசுகிற நான், இத்தனை வருஷமாக இதைக் கவனிக்காமல் சிரித்திருக்கிறேன். படம் இன்னும் எனக்குப் பிடிக்கும். ஆனால் அந்த ஊரிலிருந்து ஃப்ரிட்ஜில் ஒட்டுகிற காந்தம்கூட வாங்காமல் திரும்பினேன்.

ஒண்டிக்கட்டை:
நியூயார்க்கில் ஆளே இல்லாத யாங்கீ ஸ்டேடியம், பேஸ்பால் மைதானம். 'தி கேமராமேன்', 1928. தியேட்டரில் காட்டும் செய்திப்படம் எடுக்கப் போகிறான், அன்றைக்கு ஆட்டமே இல்லை, சரி என்று தானே பந்து வீசி, தானே அடித்து, தானே ஓடி, இல்லாத கூட்டத்துக்குத் தொப்பியைத் தூக்கி வணக்கம் வைப்பான். அப்புறம் காவலாளி பார்க்கிறான் என்று தெரிந்ததும் கூச்சத்தோடு நழுவிவிடுவான். நாங்கள் ஏழு பேர் நடத்திய கம்பெனியைப் பெரிய கம்பெனி ஒன்று வாங்கிய பிறகு, பழைய ஆபீஸில் சாவி ஒப்படைக்கப் போன அன்று நானும் அப்படித்தான் காலி நாற்காலிகளுக்கு நடுவே நின்று எங்கள் திங்கட்கிழமை மீட்டிங்கை முணுமுணுத்துக்கொண்டிருந்தேன், வாட்ச்மேன் அண்ணன் பார்த்துவிட்டார்.

அந்தப் படம் அவர் எம்ஜிஎம் என்ற பெரிய ஹாலிவுட் கம்பெனிக்குப் போன பிறகு முதலாவது. சொந்த ஸ்டூடியோவை விட்டு அங்கே போனதுதான் வாழ்நாளின் பெரிய தப்பு என்று பின்னால் அவரே சொன்னார். பேசும்படம் வந்து அவரை அழித்தது என்று யாரும் எழுதாதீர்கள். அவருடைய பேசும்படங்கள் நன்றாகவே ஓடின, அதுதான் கொடுமை, மட்டமான படம் ஓடினால் அதையே மறுபடி எடுக்கச் சொல்வார்கள். ஸ்கிரிப்ட் இல்லாமல் வேலை செய்த ஆளிடம் காகிதத்தில் நகைச்சுவை கேட்டார்கள். குடி, விவாகரத்து, 1933-இல் வேலை போனது. அப்புறம் அதே கம்பெனியில் வாரம் 100 டாலருக்கு மற்றவர்களுக்கு நகைச்சுவைத் துணுக்கு யோசித்துக் கொடுத்தார்.

பழைய ரீல்:
குடிப்பழக்கத்துக்கும் கம்பெனியா காரணம்? அப்பா ஜோவும் குடிகாரர். அதனால்தான் 1917-இல் மேடையே கலைந்தது, பையன் நியூயார்க்கில் தனியாக நின்று நகைச்சுவை நடிகர் ராஸ்கோ ஆர்பக்கிள் கூப்பிட்டதும் சினிமாவுக்குள் போனான். எல்லாப் பழியையும் முதலாளிமேல் போடாதீர்கள்.

தவில்பிரியன்:
நான் முதன்முதலில் பார்த்தது மொட்டை மாடியில், மழை வந்து பாதியில் நின்றது. அவ்வளவுதான் கதை. ஆனால் இங்கே பேசுகிறவர்கள் தப்பு வரிசையில் பார்க்கிறீர்கள் என்று தோன்றுகிறது, அதனால் சொல்கிறேன். முதலில் 'ஒன் வீக்' (1920), இருபது நிமிஷ சமாச்சாரம். அப்புறம் 'காப்ஸ்' (1922). அப்புறம் 'ஷெர்லாக் ஜூனியர்', முக்கால் மணி நேரம். இதெல்லாம் பழகிய பிறகுதான் 'தி ஜெனரல்', நேரே அதில் போய் உட்கார்ந்தால் முதல் அரை மணி நேரம் கொட்டாவி வரும், பிறகு என்னைத் திட்டுவீர்கள். யூடியூபில் முதலில் வருவதைத் தட்டாதீர்கள். காப்புரிமை முடிந்ததால் யார் வேண்டுமானாலும் ஏற்றியிருக்கிறார்கள், தலை வெட்டுப்பட்ட பிரதிகள், ஆட்கள் எறும்பு மாதிரி விறுவிறுவென்று ஓடும் பிரதிகள். அந்தக் காலத்தில் கேமராவைக் கையால் சுற்றியதால் வேகம் படத்துக்குப் படம் மாறும், நல்ல பிரதியில் அதைப் பார்த்துச் சரிசெய்திருப்பார்கள். பின்னணியில் எவனோ பியானோவைக் குத்திக்கொண்டிருந்தால் சத்தத்தை அணைத்துவிடுங்கள். அணைத்துவிட்டு, பழைய கச்சேரிப் பதிவிலிருந்து ஒரு தவில் தனி ஆவர்த்தனத்தைப் போடுங்கள். சும்மா சொல்லவில்லை. 'காப்ஸ்' படத்தில் நூற்றுக்கணக்கான போலீஸ்காரர்கள் துரத்தும்போது தீர்மானம் வந்து விழுந்தால் எப்படி இருக்கும் என்று செய்து பாருங்கள். குறிப்பாகக் குழந்தைகளோடு பார்க்கிறவர்கள்

குடைராட்டினம்:
சார், நான் கேட்டது எப்படிப் பார்ப்பது என்று இல்லை.

தவில்பிரியன்:
சரி சரி. தவில் மட்டும் முயற்சி பண்ணுங்கள்.

செங்கல்சூளை:
அவர் 'ஒன் வீக்' என்றதால் எழுதுகிறேன். புதுசாகக் கல்யாணமானவர்களுக்குப் பெட்டி பெட்டியாக வீடு வரும், எண் பார்த்து அடுக்கினால் வீடு. பொறாமைக்காரன் ஒருவன் பெட்டி எண்களை மாற்றி எழுதிவிடுவான். கதவு மாடியில் திறக்கும், புயலில் வீடு ராட்டினம் மாதிரி சுற்றும். கடைசியில் இடம் தப்பு என்று வீட்டையே இழுத்துப் போகும்போது தண்டவாளத்தில் மாட்டிக்கொள்ளும். ரயில் வருகிறது. இருவரும் கண்ணை மூடிக்கொள்கிறார்கள். ரயில் பக்கத்துத் தண்டவாளத்தில் போய்விடுகிறது.

எங்கள் வீட்டுக்குப் பக்கத்தில் ரயில்வே கேட் இருக்கிறது. ஒரு வண்டி போனதும் கேட் தூக்குவார்கள் என்று பைக்கை உதைத்து ஸ்டார்ட் பண்ணுகிற ஆட்களைத் தினமும் பார்க்கிறேன். உள்ளூர்க்காரன் பண்ண மாட்டான். எதிர்ப்பக்கத்திலிருந்து இன்னொன்று வரும் என்று அவனுக்குத் தெரியும். படத்திலும் வந்தது. வீடு தூள்.

நான் அப்போது பதினெட்டு மாதமாக வீடு கட்டிக்கொண்டிருந்தேன். மேஸ்திரி படிக்கட்டைத் திசை மாற்றிப் போட்டுவிட்டு, அட்வான்ஸையும் வாங்கிக்கொண்டு போனை எடுப்பதில்லை, பேங்க் தவணை மட்டும் தேதி தவறாமல் போய்க்கொண்டிருந்தது. வீட்டைக் கட்டிப்பார் என்று சும்மாவா சொன்னார்கள். படத்தில் அந்த ரயில் இடித்ததும் நான் சிரித்த சத்தத்தில் வீட்டுக்காரி அடுப்பை அணைத்துவிட்டு ஓடி வந்தாள். அவன் அழவில்லை, யாரையும் திட்டவில்லை. இடிபாட்டில் 'விற்பனைக்கு' என்று ஒரு பலகையைச் செருகினான். இரண்டு அடி நடந்துவிட்டு ஏதோ ஞாபகம் வந்தவன் மாதிரி திரும்பி வந்து, வீட்டை எப்படி அடுக்கிக் கட்டுவது என்ற அந்தச் செய்முறைக் காகிதத்தையும் அதிலேயே மாட்டிவிட்டு, பெண்டாட்டி கையைப் பிடித்துக்கொண்டு போனான்.