பூம்பாறையிலிருந்து 1570 கிலோஹெர்ட்ஸ்: மெக்சிகோ எல்லை வானொலி எடுக்குமா?

கேள்வி – பூம்பாறை ட்யூனர்
டெக்சாஸின் டெல் ரியோவுக்கு எதிர்க்கரையில் இருக்கும் சியுதாத் அகூன்யா ஊரின் எக்ஸ்.இ.ஆர்.எஃப் ஸ்பானிய நிலையத்தை மீடியம் வேவில் இங்கே பிடிக்க முடியுமா? ஆறாயிரம் அடிக்கு மேல் இருக்கிறோம், உயரம் கைகொடுக்காதா? அவ்வளவு சின்ன ஊரில் அத்தனை பெரிய டிரான்ஸ்மிட்டர் ஏன் வந்தது?

பதில் – வட்டக்கானல் வானலை
வரலாறு முதலில். 1920களில் அமெரிக்காவும் கனடாவும் அலைவரிசைகளைத் தங்களுக்குள் பங்கு போட்டுக்கொண்டன, மெக்சிகோவுக்கு ஒன்றும் வைக்கவில்லை. அதனால் எல்லையில் யார் நிலையம் கேட்டாலும் மெக்சிகோ அனுமதி கொடுத்தது. ஆட்டுக்கடாவின் விரையை ஆண்களுக்குப் பொருத்தி வைத்தியம் பார்த்த ஜான் பிரிங்க்லி, கான்சாஸில் உரிமங்களை இழந்ததும் அகூன்யாவுக்கு வந்து 1931இல் எக்ஸ்.இ.ஆர் நிலையத்தைத் தொடங்கினார். 1935இல் அது எக்ஸ்.இ.ஆர்.ஏ என்று திரும்பி வந்தபோது 500 கிலோவாட். அமெரிக்காவில் உச்சவரம்பே 50 என்பதை நினைத்துப் பாருங்கள்.

1934 சட்டம் அமெரிக்க ஸ்டுடியோவிலிருந்து அனுமதியின்றி எல்லை தாண்டி நேரலை அனுப்புவதைத் தடுத்தது. உடனே நிகழ்ச்சிகளைத் தட்டுகளில் பதிந்து எல்லை ஆற்றுக்கு அப்பால் எடுத்துப் போனார்கள். 1941இல் வட அமெரிக்க நாடுகளின் அலைவரிசைப் பங்கீட்டு ஒப்பந்தம் நடைமுறைக்கு வந்ததும் அந்த நிலையம் மூடப்பட்டது. பிறகு 1947இல் அதே ஊரில் வந்ததுதான் நீங்கள் கேட்கும் எக்ஸ்.இ.ஆர்.எஃப், 1570 கிலோஹெர்ட்ஸில். நெடுங்காலம் அதன் இரவு நேரம் ஆங்கிலப் பிரசங்கிகளுக்கும் விளம்பரக்காரர்களுக்கும் விற்கப்பட்டது. இப்போது மெக்சிகோவின் பொது ஒலிபரப்பு நிறுவனம் நடத்துகிறது, முழுக்க ஸ்பானியம். எனக்கு இதுதான் அந்த நிலையத்தின் நியாயமான வடிவம்.

பதில் – மன்னவனூர் லூப்
உயரம் எஃப்.எம்முக்குத்தான். கொடை எஃப்.எம் தூரம் போவது அதனால். மீடியம் வேவுக்கு மலைப்பாறை நல்ல தரையே இல்லை.

அகூன்யா நமக்கு ஏறக்குறைய நேர் எதிர்த் தீர்க்கரேகையில் இருக்கிறது. அலை வட துருவத்தை ஒட்டித்தான் வர வேண்டும், சுமார் 15,600 கி.மீ. துருவ ஒளி மண்டலம் அதை விழுங்கும். மீடியம் வேவ் இவ்வளவு தூரம் வர இருட்டு வேண்டும்; இரு முனையும் இருட்டாக இருப்பதோ கொஞ்ச நேரமே: டிசம்பரில் காலை 5.15 முதல் 6.20 வரை, மாலை 6 முதல் 6.50 வரை.

அடுத்த சிக்கல் ரேடியோவில். நம் நாட்டில் 9 கிலோஹெர்ட்ஸ் இடைவெளி, 1566க்குப் பிறகு 1575தான் வரும். செட்டிங்கில் 10க்கு மாற்றுங்கள், அல்லது 1 கிலோஹெர்ட்ஸ் படியில் நகரும் செட் வேண்டும்.

லூப்புக்கு (அலையைப் பிடிக்கும் கம்பிச்சுருள் ஆண்டெனா): ஒரு மீட்டர் பக்கமுள்ள மரச்சட்டம், 7 சுற்று, சுற்றுக்குச் சுற்று 8 மி.மீ இடைவெளி, ட்யூன் செய்ய 365 பிகோஃபாரட் கேங் கண்டென்சர். நெருக்கிச் சுற்றினால் ட்யூனிங்கின் மேல் முனை 1570ஐத் தொடாது; அப்போது ஒரு சுற்றைக் கழற்றுங்கள். சட்டத்தின் விளிம்பு வடக்கைப் பார்க்கட்டும். எல்.இ.டி பல்பு, மொபைல் சார்ஜர் எல்லாவற்றையும் பிடுங்கிவிடுங்கள்.

பதில் – வட்டக்கானல் வானலை
ஒன்று விட்டுப்போச்சு. நாக்பூர் வானொலியின் 1566 காற்றில் இருந்தால் 4 கிலோஹெர்ட்ஸ் விசில் கேட்கும். நாக்பூரும் நமக்கு வடக்கேதான், லூப்பைத் திருப்பி அதை மட்டும் வெட்ட முடியாது. செட்டின் ஃபில்டர் அகலத்தை 2 கிலோஹெர்ட்ஸுக்குக் குறைத்து 1571 பக்கம் நகர்த்திக் கேளுங்கள்.

ஸ்பானிய நிகழ்ச்சியே வேண்டுமென்றால், இணையத்தில் திறந்திருக்கும் டெக்சாஸ் எஸ்.டி.ஆர் (மென்பொருளால் இயங்கும் ரேடியோ) ரிசீவரில் 1570 போடுங்கள். குளிர்காலத்தில் அங்கே இரவு 9 என்றால் நமக்குக் காலை 8.30.