போ ஸ்ட்ரீட் பழைய போலீஸ் ஸ்டேஷன் உள்ள போய் பாத்தவங்க இருக்கீங்களா?

வணக்கம் மக்களே, எங்கப்பா ரிட்டயர்டு ஏட்டு, அடுத்த மாசம் லண்டன் வர்றார், அவருக்கு இத எப்படியாச்சும் காட்டணும்னு ரொம்ப ஆசை. கோவன்ட் கார்டன்ல ஓபரா ஹவுஸுக்கு எதிர்ல இருக்குல்ல, அதான். ஜான் டெய்லர் டிசைன் பண்ணி 1881ல முடிச்சது, ஸ்டேஷனும் கோர்ட்டும் ஒண்ணா சேர்ந்த மாதிரி, போன வாரம் வெளிய நின்னு சுவத்த தொட்டுப் பாத்தேன், போர்ட்லேண்ட் கல்லு, வெயில்லயும் ஜில்லுனு இருந்துது. எழுத்தாளர் ஆஸ்கார் வைல்டை 1895ல புடிச்சு வெச்சது இங்கதான்!

மத்த ஸ்டேஷன்ல எல்லாம் வாசல்ல நீல விளக்கு, இங்க மட்டும் வெள்ளை, புருஷன் ஆல்பர்ட் இறந்த நீல ரூம் ஞாபகம் வருதுன்னு விக்டோரியா மகாராணி மாத்தச் சொன்னதா சொல்வாங்க. 1992ல ஸ்டேஷனையும் 2006ல கோர்ட்டையும் மூடிட்டாங்க, இப்ப பெரும்பகுதி ஹோட்டல், ஆனா பழைய லாக்கப் எல்லாம் 2021லருந்து மியூசியமா இருக்கு, அத விட்டு வெச்சதே பெரிய விஷயம்.

அப்பாவுக்கு முட்டி வலி, உள்ள படி ஜாஸ்தியா? லாக்கப்புக்குள்ள நின்னு போட்டோ எடுக்க விடுவாங்களா? மூடறதுக்கு முன்னாடி எடுத்த பழைய போட்டோ யார்ட்டயாவது இருந்தா ப்ளீஸ் கமென்ட்ல போடுங்க.