பிரிட்டிஷ் பார்லிமெண்டரி விவாதத்தில் வாதத்தைக் கட்டுவது எப்படி? உதவி தேவை

வணக்கம் நண்பர்களே. கல்லூரி விவாதக் குழுவில் புதிதாகச் சேர்ந்திருக்கிறேன். தலைப்பை ஆதரித்து 2, எதிர்த்து 2 என மொத்தம் 4 அணி, அணிக்கு 2 பேர், தலைப்பு வந்ததும் 15 நிமிடத் தயாரிப்பு, ஆளுக்கு 7 நிமிடப் பேச்சு. விதிகள் புரிந்துவிட்டன. வாதம்தான் நிற்க மாட்டேன் என்கிறது.

‘இந்த அவை வீட்டுப்பாடத்தைத் தடை செய்யும்’ என்று தலைப்பு வருகிறது என வையுங்கள். வீட்டில் சொல்லித்தர ஆளில்லாத பிள்ளை பின்தங்கும் என்பேன். சரி, தடை வந்தால் அது எப்படி மாறும்? வசதியுள்ளவர்கள் டியூஷனுக்குப் போய் இடைவெளி இன்னும் கூடாதா? காரணத்துக்குக் காரணம் என்று தோண்டிக்கொண்டே போனால் எங்கே நிறுத்துவது? பட்டிமன்றம் கேட்டு வளர்ந்ததாலோ என்னவோ, கைதட்டல் வாங்கும் வரிதான் எனக்கு முதலில் வருகிறது; நடுவர்கள் அதற்கு மயங்குவதாகத் தெரியவில்லை!

பெரிய தலைவலி இன்னொன்று. இரண்டாம் பாதியில் பேசும் அணி, தன் தரப்பின் முதல் அணி சொல்லாத புதுக்கோணத்தைக் கொண்டுவர வேண்டும்; அவர்களோடு முரண்படவும் கூடாது. நல்லதையெல்லாம் அவர்களே சொல்லிவிட்டால்? அதே வாதத்தை ஆழப்படுத்தினால் புதிதாக ஏற்பார்களா?

போட்டிகளில் பேசியவர்கள், நடுவராக இருந்தவர்கள் சொல்லுங்கள். உங்கள் தயாரிப்புத் தாள் ஒன்றைப் படமெடுத்துப் போட்டாலும் போதும். ஆங்கிலக் காணொளி இணைப்பு மட்டும் வேண்டாம், நிறையப் பார்த்தாயிற்று.