எம்பார்கோவில் இருக்கும் ஆய்வேடு தேடலில் சிக்குகிறது – டிஸ்பேஸ் 7.6

வணக்கம். மாணவர் ஆய்வேடுகளை, டிஸ்பேஸ் மென்பொருளில் ஓடும் பல்கலைக்கழகக் களஞ்சியத்தில் ஏற்றும் வேலையில் இருக்கிறேன். ஒரு சிக்கலில் மாட்டிக்கொண்டு நிற்கிறேன்.

வேதியியல் முனைவர் பட்ட ஆய்வேடு. காப்புரிமைக்கு விண்ணப்பிக்கும் முன் விஷயம் வெளியே போனால் புதுமை என்ற தகுதியே அடிபட்டுவிடும் என்பதால் ஆய்வாளர் 2 ஆண்டு எம்பார்கோ (குறிப்பிட்ட தேதிவரை வெளியிடாமல் பூட்டி வைப்பது) கேட்டார். ஏற்றும்போதே தேதி போட்டாயிற்று. பிடிஎஃப் பூட்டித்தான் இருக்கிறது, லாகின் இல்லாமல் திறக்காது. ஆனால் மூன்றாம் இயலில் மட்டுமே வரும் சேர்மத்தின் பெயரைத் தேடலில் தட்டினால் இந்த ஆய்வேடு முதல் ஆளாக வந்து நிற்கிறது. தலைப்பிலோ சுருக்கத்திலோ அந்தப் பெயர் கிடையாது. பல வருட உழைப்பு, அவருக்கு என்ன பதில் சொல்வது?

பார்த்தவரை, டிஸ்பேஸின் ஃபில்டர்-மீடியா கட்டளை பிடிஎஃப்பிலிருந்து எழுத்தை உருவி டெக்ஸ்ட் பண்டில் என்ற கோப்புத் தொகுதியில் வைக்கிறது, தேடுபொறியான சோலர் அதை அப்படியே இண்டெக்ஸ் செய்கிறது (தேடல் அட்டவணையில் சேர்க்கிறது). அந்த டெக்ஸ்ட் கோப்புக்கும் அனுமதி பூட்டியே இருக்கிறது. டிஸ்பேஸின் தேடல் பகுதியான டிஸ்கவரியின் அமைப்பில் முழுஉரைத் துணுக்கு காட்டுவதும் அணைத்தே உள்ளது.

டெக்ஸ்ட் கோப்பை நீக்கி, இண்டெக்ஸைப் புதுப்பிக்கும் இண்டெக்ஸ்-டிஸ்கவரி கட்டளையை ஓட்டினேன், தேடலில் மறைந்தது. இரவில் தானாக ஓடும் கிரான் வேலை ஓடியதும் கோப்பு திரும்ப முளைத்துவிட்டது. ஃபில்டர்-மீடியாவில் மைனஸ் எஸ் (-s) போட்டு, ஆய்வேட்டின் நிரந்தர அடையாளமான ஹேண்டிலைத் தவிர்த்தால் வேலை செய்கிறது. ஆனால் எம்பார்கோ ஆய்வேடுகள் கூடிக்கொண்டே போகின்றன. பட்டியலைக் கையால் பராமரித்தால் என்றாவது ஒன்று விட்டுப்போகும்.

எம்பார்கோ தேதி முடியும்வரை அந்த ஆய்வேடுகளின் முழுஉரையை மட்டும் தானாகவே இண்டெக்ஸில் சேராமல் நிறுத்த 7.6-இல் யாராவது வழி செய்திருக்கிறீர்களா?