சூப்பர் 8-இல் படத்தின்மேல் படம்: கார்ட்ரிட்ஜை ரீவைண்ட் பண்ண முடியுமா?

நிழல்கட்டம்:
சூப்பர் 8-இல் (மூடிய கார்ட்ரிட்ஜில் வரும் 8 மி.மீ. சினிமா ஃபிலிம்) ஒரு படம் எடுக்கப் போகிறேன்: வசனம், இசை எதுவும் இல்லாமல் மூன்று நிமிடம். எடிட்டிங் கிடையாது, எல்லாம் கேமராவுக்குள்ளேயே. முதலில் மரக்கிளைகள், அதே ஃபிலிமில் மறுபடி ஒரு முகம். கார்ட்ரிட்ஜ் முழுவதையும் பின்னால் ஓட்ட வழி உண்டா? எக்ஸ்போஷரை எவ்வளவு குறைக்கணும்?

பல்சக்கரம்:
முழுசாக முடியாது. ஃபிலிம் சுற்றிக்கொள்ளும் அச்சு பின்னால் திரும்பாதபடி கார்ட்ரிட்ஜுக்குள் பல் வைத்துத் தடுத்திருப்பார்கள். டிசால்வ் (ஒரு காட்சி மங்க, அதன்மேலேயே அடுத்தது தெளிவது) வசதியுள்ள கேமராக்கள் ஃபிலிமைப் புது ஃபிலிம் இருக்கும் அறைக்குள்ளேயே திருப்பித் தள்ளுகின்றன, அவ்வளவுதான். அங்கே அது சுருளாது, மடிந்து கிடக்கும். 90, 100 ஃபிரேம் வரை தாங்கும். 18 ஃபிரேம் வேகத்தில் ஐந்து நொடி சொச்சம். மேலே தள்ளினால் சிக்கிவிடும், அப்புறம் முன்னாலும் நகராது.

இருட்டுப்பை:
இந்த வேலைக்குப் பழைய ரெகுலர் 8தான் சரி, அது கார்ட்ரிட்ஜில் இல்லாமல் ஸ்பூலில் வரும். 16 மி.மீ. அகல ஃபிலிம், 25 அடி. ஒரு பக்கம் (அகலத்தில் பாதி, 8 மி.மீ.) எடுத்து, ஸ்பூலைத் திருப்பி மாட்டி மறுபக்கம். 16 ஃபிரேம் வேகத்தில் பக்கத்துக்கு இரண்டு நிமிடம். இரண்டும் முடிந்ததும் ஃபிலிம் தொடங்கிய ஸ்பூலுக்கே வந்துவிடும். மறுபடி மாட்டினால் இரண்டாம் அடுக்கு, ரீவைண்டே வேண்டாம்! முதல் தடவை மாட்டும்போதே கேட்டுக்கு (லென்ஸுக்குப் பின்னால் ஃபிலிமில் ஒளி படும் சன்னல்) நேராக இருக்கும் ஃபிரேம் ஓரத்தில் மார்க்கரால் கோடு போடுங்கள். அடுத்த முறை அதே கோட்டை அதே இடத்தில் நிறுத்தினால் அடுக்குகள் விலகாது. ஒவ்வொரு தடவை மாட்டும்போதும் ஓரத்தில் வெளிச்சம் ஏறும், அதனால் கோடு தெரிகிற அளவு மங்கலான வெளிச்சத்தில் மாட்டுங்கள்.

ஃபோமாபான் ஆர்100 என்ற கறுப்பு வெள்ளை ரிவர்சல் ஃபிலிம் (நெகட்டிவ் இல்லாமல் நேராகப் படமே வரும்) இந்த அளவில் வருகிறது. கழுவியபின் வழக்கமாக நீளவாக்கில் நடுவில் வெட்டி 8 மி.மீ. ஆக்குவார்கள்; அப்படி வெட்டாமல் 16 மி.மீ. புரொஜெக்டரில் ஓட்டிப் பாருங்கள்: திரையில் நான்கு படம், அதில் ஒரு பாதி தலைகீழாக, பின்னோக்கி ஓடும். சிலர் அதற்காகவே வெட்டுவதில்லை.

பல்சக்கரம்:
எக்ஸ்போஷர்: இரண்டு அடுக்கென்றால் தலா ஒரு ஸ்டாப் குறைவு (அதாவது பாதி வெளிச்சம்), மீட்டர் எஃப்/8 சொன்னால் எஃப்/11. நான்கென்றால் தலா இரண்டு ஸ்டாப். ஆனால் முகத்துக்குப் பின்னால் கறுப்புத் துணி கட்டி, கிளைகளையும் இருண்ட பின்னணியில் எடுத்தால் குறைக்கவே வேண்டாம். ரிவர்சலில் கறுப்பில்தான் அடுத்த படம் உட்காரும். வெளுத்த வானத்தின்மேல் முகத்தை எடுத்தால் முகம் காணாமல் போகும்.

நிழல்கட்டம்:
அப்போ கிளைகளை வானத்தைப் பார்த்து எடுக்கக் கூடாது, சுவர் நிழலில் எடுக்கணும். ரெகுலர் 8 கேமரா தேடுகிறேன்.

இருட்டுப்பை:
சாவி கொடுத்து ஓடும் வகையாகப் பாருங்கள். வாங்குமுன் முழுச்சாவி கொடுத்து, கடைசி வரை வேகம் குறையாமல் ஓடுகிறதா என்று காதால் கேளுங்கள்.