திரைக்குப் பின்னால் பல வேலை அறிந்தவர்கள்: உங்கள் அனுபவம் என்ன?

முதல் பதிவு:
ஒரு படத்துக்கு ஒலிப்பதிவாளராக வந்தவரே அதன் படத்தொகுப்பையும் செய்யவிருந்தார். காட்சி முடிந்து விளக்குகளை அணைக்கக் கை நீண்ட நேரத்தில், யாரும் அசைய வேண்டாம் என்று சொல்லிவிட்டு, அறையின் வெறும் ஒலியை ஒரு நிமிடம் பதிவு செய்தார். இயக்குநர் முகம் சுளித்தபோது, "நடிகர் வசனத்தின் நடுவே இருமினார், அதை நீக்கினால் 8 ஃபிரேமுக்கு ஒலியே இராது, அங்கே எதை வைப்பேன்?" என்று கேட்டார். நொடிக்கு 24 ஃபிரேமில் ஓடும் படத்தில் மூன்றில் ஒரு நொடிக்காக ஒரு குழுவையே நிறுத்திய அந்தத் துணிச்சல் இன்னும் என் மனத்தை விட்டு அகலவில்லை.

இரண்டாம் பதிவு:
நான் கண்டவர் ஒளிப்பதிவு உதவியாளராக இருந்து நிறச் சீரமைப்புக்கு வந்த பெண்மணி. ஒரே உரையாடலின் இரண்டு ஷாட்டுகள் எவ்வளவு முயன்றும் நிறத்தில் ஒத்துப்போகாதபோது, மற்றவர்கள் கணினியைக் குறை கூறிக்கொண்டிருக்க, அவர் ஒவ்வொரு ஷாட்டும் எப்படி எடுக்கப்பட்டது என்று குறித்துவைக்கும் கேமரா ரிப்போர்ட்டைக் கேட்டு வாங்கினார். இரண்டாவது ஷாட்டுக்கு மட்டும் லென்ஸின் ஒளி வடிகட்டி (ஃபில்டர்) மாற்றப்பட்டிருந்தது.

மூன்றாம் பதிவு:
முதல் பதிவருடன் உடன்பட இயலவில்லை. அறை ஒலியைப் பதிவது பன்முகத் திறமை அன்று. படப்பிடிப்புத் தளத்தில் ஒலிப்பதிவு செய்யும் எவருக்கும் அது அடிப்படைக் கடமை. உண்மையான பன்முகத் திறமை பல ஆண்டு உழைப்பில் வருவது: அமெரிக்கத் திரைக்கலைஞர் வால்டர் மர்ச் 1997ஆம் ஆண்டு ஆஸ்கார் விழாவில் ஒரே படத்துக்குப் படத்தொகுப்பு, ஒலி ஆகிய இரண்டுக்கும் விருது பெற்றார் என்றால், அவர் 1960களின் இறுதியிலேயே ஒலிப்பணியில் இறங்கியவர் என்பதையும் நினைவில் கொள்ள வேண்டும்.

நான் சந்தித்தவர் மூன்று வேலை செய்து ஒரு வேலைக்கு மட்டுமே ஊதியம் பெற்றார். டைட்டிலிலும் ஒரே இடத்தில்தான் பெயர் வந்தது. ஆகவே இளைஞர்களுக்குச் சொல்கிறேன்: "இதையும் நீங்களே பார்த்துக்கொள்ளுங்கள்" என்று தயாரிப்பாளர் சொல்லும் அன்றே, ஒவ்வொரு பணிக்கும் தனித் தொகையும் டைட்டிலில் தனி வரியும் ஒப்பந்தத்தில் எழுதி வாங்குங்கள். படத்தொகுப்பு முடிவடையாமல் ஒலிக்கலவைக்குத் தேதி கொடுக்காதீர்கள்; காட்சியின் நீளம் மாறினால் ஒலித்தடங்கள் அனைத்தையும் மீண்டும் பொருத்த வேண்டியிருக்கும், இரண்டு வேலையும் உங்களுடையதே என்பதால் அந்தக் கூடுதல் இரவுகளுக்கு யாரும் பணம் தர மாட்டார்கள்.