‘ஐசோலேட்டட் பவர் சப்ளை’ தமிழில் எப்படி? நாளைக் காலைக்குள் வேண்டும்

கோத்தகிரி ஆசிரியை:
வணக்கம். எட்டாம் வகுப்புப் பிள்ளைகள் தேயிலை நாற்றங்காலுக்கு மண் ஈரம் பார்க்கும் கருவி செய்கிறார்கள், அர்டுயினோ என்ற சின்ன கம்ப்யூட்டர் பலகை வைத்து. கையேடு நாளைக் காலை ஜெராக்ஸுக்குப் போகிறது. ஒரு பையன் பழைய சார்ஜ் டார்ச்சைக் கழற்றி, உள்ளே இருந்த சின்ன போர்டைக் கொண்டுவந்து, “இதுலயும் கம்மி வோல்ட்தானே மிஸ் வருது” என்கிறான். மலிவு டார்ச் பலவற்றில் டிரான்ஸ்ஃபார்மரே கிடையாது. ஒரு கெப்பாசிட்டர்தான் வோல்ட்டைக் குறைக்கிறது. வீட்டுக் கரண்டோடு நேரடித் தொடர்பு. மீட்டரில் 5 காட்டும், ஈர மண்ணில் கை வைத்தால் 230 அடிக்கும். வீட்டுக் கரண்டோடு நேரடித் தொடர்பில்லாத, ஐசோலேட்டட் அடாப்டர்தான் வேண்டும் என்று தமிழில் எப்படி எழுத?

கோவைப் புலவர்:
பவர் சப்ளைக்கு மின்வழங்கி இருக்கவே இருக்கிறது, அடைமொழிதான் சிக்கல். ‘காப்பிட்ட’ என்றால் கம்பி மேல் உறை, அது இன்சுலேஷன். இங்கே டிரான்ஸ்ஃபார்மருக்குள் இரு சுருள்கள் ஒன்றையொன்று தொடாமலே, காந்தப்புலம் வழியே ஆற்றல் கடக்கிறது. ஆகவே ‘பற்றற்ற மின்வழங்கி’. துறவு அதிகாரத்துக் கடைசிக் குறளில் பற்று ஆறு முறை வருவதை நினைக்க. தீப்பற்றுதலும் இதே வேர்தான்.

ஊட்டி ரிப்பேர் கடை:
ஐயா, கடைக்கு வந்து பற்றற்ற அடாப்டர் கேட்டால் திருவண்ணாமலைக்கு பஸ் ஏற்றிவிடுவேன். அதோடு, தீப்பற்றாத அடாப்டர் என்று பிள்ளைகள் நினைத்துக்கொண்டால்? ஐசோலேஷன் ஷாக்கைத்தான் தடுக்கும், தீயை அல்ல.

குன்னூர் மென்பொருள்காரர்:
‘தனிமைப்படுத்திய’? 2020-இல் வாசலில் ஒட்டிய நோட்டீஸ்தான் ஞாபகம் வருகிறது, வேண்டாம். இன்னொன்று, சர்வரை வழங்கி என்று நாங்கள் எழுதிப் பல வருடமாகிறது.

புலவர்:
மழையும் வழங்கும், வள்ளலும் வழங்குவான். சர்வருக்கு மட்டும் பட்டாவா?

யாழ்ப்பாணத்து நண்பர்:
நீங்கள் மின்மாற்றி என்பதை நாங்கள் நிலைமாற்றி என்று படித்தனாங்கள். அதுபோல் இதற்கு ‘வேறாக்கிய மின்வழங்கி’ சரிவராதோ?

ஆசிரியை:
நன்றாக இருக்கிறது அண்ணா. ஆனால் எங்கள் பிள்ளைகள் ‘வேற ஏதோ’ என்று படிப்பார்கள். ‘பிரித்த மின்வழங்கி’?

புலவர்:
அம்மா, பிரித்த என்பது பிறவினைப் பெயரெச்சம். மூடியைப் பிரித்துப் போட்ட அடாப்டர் என்றாகிவிடும்! அந்த டார்ச் பையனுக்கு அது போதும்.

ஊட்டி ரிப்பேர் கடை:
ஐயா இதில் சரி. ‘பிரிப்புள்ள’ என்று போடுங்கள். எதை வாங்குவது என்பதையும் சேர்த்துவிடுங்கள் மிஸ்: பிஐஎஸ் (இந்தியத் தர அமைப்பு) பதிவு எண் போட்ட 5 வோல்ட் யுஎஸ்பி சார்ஜர். 2 ஆம்பியர் என்று எழுதியிருந்தால் பயப்பட வேண்டாம், பலகை தனக்கு வேண்டியதைத்தான் இழுக்கும். ஊனோ ஆர்3 வகை அர்டுயினோ பலகையின் வட்டத் துளைக்கு 7 முதல் 12 வோல்ட் வரை. 12 கொடுத்தால் மிச்ச 7 வோல்ட்டில் பெரும்பகுதி, அதை 5 ஆகக் குறைக்கும் ரெகுலேட்டரில் சூடாகிப் போகும், விரல் சுடும்.

மென்பொருள்காரர்:
பிரிப்புள்ள. சரி, தூக்கம் வருகிறது.

யாழ்ப்பாணத்து நண்பர்:
எனக்கும் ஓம்.

ஆசிரியை:
‘பிரிப்புள்ள மின்வழங்கி’ என்றே போகிறது. பக்கத்தில் இரண்டு சுருள் படம், கீழே ‘ஐசோலேட்டட்’ என்று தமிழ் எழுத்தில். டார்ச் போர்டு என் மேசை டிராயரில் பூட்டியிருக்கிறது.

புலவர்:
பிரிப்பு, பாகப்பிரிவினைப் பத்திரத்தில் வரும் சொல். என் எதிர்ப்பு பதிவாகட்டும். ‘பற்று’ குறித்துத் தனி மடல் நாளை எழுதுகிறேன்.